அன்னா மே வோங்: கிடைத்த வேடங்களைப் பற்றியும் பேசுவோம்

அன்னா மே வோங்கைப் பற்றி எதைப் படித்தாலும் அது கடைசியில் 'தி குட் எர்த்' படத்தில்தான் போய் நிற்கிறது. 1937-ல் வந்த படம். சீன விவசாயக் குடும்பம் ஒன்றின் கதை. அன்றைக்கு ஹாலிவுட்டில் உலகமே பெயர் தெரிந்துவைத்திருந்த சீன வம்சாவளி நடிகை இவர் ஒருவர்தான். ஆனால் கதாநாயகி ஓ-லான் வேடம் இவருக்குத் தரப்படவில்லை. ஜெர்மனியில் பிறந்த லூயிஸ் ரைனர் சீனப் பெண்ணைப் போல ஒப்பனை செய்துகொண்டு நடித்தார், ஆஸ்கரும் வாங்கினார்.

அநியாயம்தான். அதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் எனக்கு இதில் ஒரு தீராத வருத்தம் உண்டு. 1919-லிருந்து 1961 வரை நடித்தவர், அறுபதுக்கும் மேற்பட்ட படங்கள், மேடை நாடகம், தொலைக்காட்சி எல்லாம் பார்த்தவர், கடைசியில் நடிக்காத ஒரு வேடத்துக்காக மட்டும் நினைவில் நிற்பது என்ன நியாயம்? அவருக்கு இழைக்கப்பட்ட அநீதியைப் பற்றிப் பேசுகிறவர்களில் எத்தனை பேர் அவர் நடித்த படம் ஒன்றையாவது உட்கார்ந்து முழுதாகப் பார்த்திருக்கிறார்கள்? இந்தப் பதிவில் குட் எர்த் கதையையும் சொல்வேன். ஆனால் அது வர வேண்டிய இடத்தில்தான் வரும். அதற்கு முன்னும் பின்னும் நிறைய இருக்கிறது.

1905 ஜனவரி 3-ம் தேதி லாஸ் ஏஞ்சலஸ் நகரத்தின் ஃப்ளவர் தெருவில் பிறந்தார். வீட்டில் வைத்த பெயர் வோங் லியு சோங். அப்பா வோங் சாம் சிங் லாண்டரி நடத்தினார். ஏழு பிள்ளைகளில் இவர் இரண்டாவது. புதிதாகக் கப்பலேறி வந்த குடும்பம் என்று நினைத்துவிடாதீர்கள். தாத்தா காலத்திலேயே, 1850-களில், கலிஃபோர்னியாவுக்கு வந்துவிட்டவர்கள். அப்பாவே அமெரிக்காவில் பிறந்தவர்தான். அந்தக் கணக்கில் அன்னா மே மூன்றாம் தலைமுறை அமெரிக்கர்.

ஆனால் சட்டம் அப்படிப் பார்க்கவில்லை. சீனத் தொழிலாளர்கள் அமெரிக்காவுக்குள் வருவதைத் தடுக்க 1882-ல் ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். 1943 வரை அது ரத்தாகவில்லை. அமெரிக்க மண்ணிலேயே பிறந்த சீன வம்சாவளியினர்கூட வெளிநாடு போய்த் திரும்ப வேண்டுமானால் புறப்படுவதற்கு முன்பே படிவம் எண் 430 என்ற ஒன்றை நிரப்பித் தர வேண்டும். அமெரிக்கக் குடிமகன் என்று தன்னைச் சொல்லிக்கொள்ளும் சீன இனத்தவரின் விண்ணப்பம் என்பதுதான் அந்தப் படிவத்தின் தலைப்பு. புகைப்படம் ஒட்டிக் கையெழுத்துப் போட்டு, குடியேற்ற அதிகாரி முன்னால் உட்கார்ந்து கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டும். உலகப் புகழ் பெற்ற பிறகும் அன்னா மே வோங் இதைச் செய்துவிட்டுத்தான் கப்பல் ஏறினார். அவர் நிரப்பிய படிவங்கள் அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தில் இன்றும் இருக்கின்றன. அதில் ஒட்டியிருக்கும் படத்தைப் பார்த்தால் அது ஸ்டுடியோவில் எடுத்த அழகான நட்சத்திரப் படம். பக்கத்தில் அரசாங்க முத்திரை. அந்த ஒரு தாளில் அவருடைய வாழ்க்கை முழுவதும் இருக்கிறது என்று எனக்குத் தோன்றும்.

சின்ன வயசில் பள்ளியில் வெள்ளைக்காரப் பிள்ளைகள் படுத்திய பாடு தாங்காமல் சீனப் பிள்ளைகள் படிக்கும் மிஷன் பள்ளிக்கு மாற்றினார்கள். லாண்டரித் துணிகளை வீடு வீடாகக் கொண்டுபோய்க் கொடுப்பது அக்கா தங்கைகளின் வேலை. அதில் கிடைக்கும் சில்லறை எல்லாம் சினிமா டிக்கெட்டுக்குப் போனது. அந்தச் சமயத்தில் சினிமாக் கம்பெனிகள் நியூயார்க் பக்கத்திலிருந்து லாஸ் ஏஞ்சலஸுக்குக் குடிபெயர்ந்துகொண்டிருந்தன. சைனாடவுன் தெருக்களிலேயே கேமராவை நிறுத்திப் படம் பிடித்தார்கள். பள்ளிக்கு மட்டம் போட்டுவிட்டு அங்கே போய் நிற்பார். பதினொரு வயதில் தனக்குத் தானே ஒரு திரைப்பெயர் வைத்துக்கொண்டார், அன்னா மே வோங் என்று. 1919-ல் 'தி ரெட் லேன்டர்ன்' படத்தில் கையில் விளக்குடன் கூட்டத்தில் ஒருத்தியாக நின்றார். அப்பாவுக்கு இதெல்லாம் சுத்தமாகப் பிடிக்கவில்லை. அவர் காலத்துச் சீனக் குடும்பங்களில் நடிகை என்றால் மரியாதை கிடையாது. அந்தப் பழக்கம் நம்மவர்களுக்கும் அந்நியமானதல்ல.

1922. பதினேழு வயது. 'தி டோல் ஆஃப் தி ஸீ' படத்தில் கதாநாயகி. டெக்னிக்கலர் முறையில் ஹாலிவுட்டிலேயே எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் படம் அது. சிவப்பு, பச்சை இரண்டு நிறங்களை வைத்தே ஒப்பேற்றிய காலத்து டெக்னிக்கலர். கதை பழைய 'மேடம் பட்டர்ஃப்ளை' கதைதான், ஜப்பானுக்குப் பதில் சீனா. கரையில் ஒதுங்கிய அமெரிக்கனை ஒரு சீனப் பெண் காப்பாற்றுகிறாள், காதலிக்கிறாள், அவன் ஊருக்குப் போய் வேறு கல்யாணம் செய்துகொண்டு மனைவியுடன் திரும்பி வருகிறான். இவள் குழந்தையை அந்த அம்மாளிடம் கொடுத்துவிட்டுக் கடலில் இறங்கிவிடுகிறாள்.

இந்தப் படத்தைத் தயவுசெய்து பாருங்கள். மௌனப்படம் என்றாலே கையைக் காலை ஆட்டி மிகையாக நடிப்பார்கள் என்று நினைப்பவர்கள் அவசியம் பார்க்க வேண்டும். அமெரிக்கன் திரும்பி வரும் செய்தி கேட்டு இவர் தன் கல்யாண உடையை எடுத்து அணிந்துகொண்டு ஓடுகிறார். அங்கே அவனுடன் மனைவி இருப்பதைப் பார்க்கிறார். முகத்தில் பெரிதாக எதுவும் நடப்பதில்லை. சிரிப்பு அப்படியே நிற்க, கண் மட்டும் மெல்ல நிறைகிறது. பதினேழு வயதுப் பெண்ணுக்கு இதை யார் சொல்லிக்கொடுத்தார்கள்? நடிப்புப் பள்ளி எதுவும் இல்லை. டிக்கெட் வாங்கிப் பார்த்த படங்கள்தான் பள்ளி.

இந்தப் படத்தின் கடைசிச் சுருள்கள் காணாமல் போய்விட்டன. 1985-ல் கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் திரைப்பட ஆவணக் காப்பகம் படத்தைச் சீர்செய்தபோது, அந்தக் காலத்து இரட்டை நிற டெக்னிக்கலர் கேமரா ஒன்றைத் தேடிப்பிடித்து, பசிபிக் கடலையும் சூரிய அஸ்தமனத்தையும் புதிதாகப் படம் பிடித்து முடிவுக் காட்சியில் சேர்த்தார்கள்.

அடுத்து 1924-ல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸின் 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்'. அதில் இவர் துரோகம் செய்யும் மங்கோலிய அடிமைப் பெண். வேடம் சின்னது. ஆனால் உலகம் முழுவதும் ஓடிய படம் என்பதால் முகம் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. அதோடு ஒரு சிக்கலும் வந்து சேர்ந்தது. இனிமேல் இவர் ஒன்று ஏமாற்றப்பட்டுச் சாகும் அப்பாவி, இல்லையென்றால் சதி செய்துவிட்டுச் சாகும் வில்லி. எப்படியும் சாக வேண்டும்.

ஏன் சாக வேண்டும் என்பதை விளக்கியாக வேண்டும், ஏனென்றால் இது ஏதோ ஒரு டைரக்டரின் கெட்ட புத்தி மட்டும் அல்ல. வெள்ளையரும் சீனரும் கல்யாணம் செய்துகொள்வது கலிஃபோர்னியாவில் சட்டப்படி செல்லாது. 1948-ல்தான் அந்த மாநிலத்தின் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டத்தைத் தூக்கியெறிந்தது. வேறு பல மாநிலங்களிலும் இதே மாதிரிச் சட்டங்கள். அதனால் திரையில் இவர் வெள்ளைக்கார ஹீரோவோடு சேர்ந்து வாழ்வதாகக் காட்ட முடியாது. முத்தம்கூட முடியாது. 1934 முதல் ஹாலிவுட்டில் கறாராக அமலான தணிக்கை விதிகள் வெள்ளையர்–கறுப்பர் உறவைத்தான் எழுத்தில் தடுத்தன. ஸ்டுடியோக்கள் அதை ஆசியர்களுக்கும் நீட்டிக்கொண்டன. சரி, ஆசிய ஹீரோவோடு சேர்க்கலாமே என்றால், ஆசிய ஹீரோ வேடத்திலும் பெரும்பாலும் வெள்ளைக்காரர்தான் நடித்தார். ஆக இவருக்கு ஜோடி கிடையாது. ஜோடி இல்லாத அழகியைக் கதை எழுதுகிறவர் என்ன செய்வார்? கொன்றுவிடுவார். தன் கல்லறையில் ஆயிரம் சாவு செத்தவள் என்று எழுத வேண்டும் என அவரே சொன்னதாகப் பல நூல்களில் வருகிறது.

1928-ல் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஐரோப்பாவுக்குப் போனார். அங்கேதான் எனக்குப் பிடித்த அன்னா மே வோங் முழுதாக வெளியே வருகிறார். பெர்லினில் ரிச்சர்ட் ஐஷ்பெர்க் இயக்கத்தில் படங்கள். ஜெர்மன் கற்றுக்கொண்டார், பிரெஞ்சு கற்றுக்கொண்டார். தத்துவவாதி வால்ட்டர் பெஞ்சமின் அவரைச் சந்தித்துப் பத்திரிகையில் எழுதினார். பேசும்படம் வந்த புதிதில் டப்பிங் வசதி கிடையாது. ஒரே கதையை ஆங்கிலம், ஜெர்மன், பிரெஞ்சு என்று மூன்று முறை எடுப்பார்கள். மற்ற நடிகர்களை மொழிக்கு மொழி மாற்றுவார்கள். 1930-ல் அப்படி எடுத்த 'ஹை-டாங்' படத்தின் மூன்று வடிவங்களிலும் நாயகி இவரே. மூன்று மொழியிலும் சொந்தக் குரல்.

குரல் என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 1929-ல் லண்டனில் 'சர்க்கிள் ஆஃப் சாக்' என்ற நாடகத்தில் நடித்தார். உடன் நடித்தவர் லாரன்ஸ் ஒலிவியே. விமர்சகர்கள் இவருடைய அழகைப் புகழ்ந்தார்கள், கலிஃபோர்னியா உச்சரிப்பைக் குத்திக் கிழித்தார்கள். இவர் என்ன செய்தார்? ஆசிரியரிடம் பணம் கட்டி உச்சரிப்புப் பயிற்சி எடுத்தார். அதற்குப் பிறகு வந்த படங்களில் கேளுங்கள், தாழ்ந்த, நிதானமான, ஒவ்வொரு எழுத்தையும் வெட்டி வைத்த மாதிரியான பேச்சு. ஷாங்காய்க்காரிபோலவும் இல்லை, லாஸ் ஏஞ்சலஸ்காரிபோலவும் இல்லை. அவரே தயாரித்துக்கொண்ட குரல்.

அதே 1929-ல் வந்த பிரிட்டிஷ் மௌனப்படம் 'பிக்காடிலி'. இயக்குநர் ஈ. ஏ. டுபாண்ட். டைட்டிலில் முதல் பெயர் கில்டா கிரே என்ற நடனக்காரிக்கு. ஆனால் படம் அன்னா மே வோங்கினுடையது. ஒரு காட்சியைச் சொல்கிறேன்.

லண்டனின் பெரிய நைட் கிளப். மேலே நடனம் நடக்கிறது. சாப்பிட வந்த ஒரு பருத்த மனிதர் தட்டு அழுக்காக இருக்கிறது என்று சத்தம் போடுகிறார். (அந்தச் சின்ன வேடத்தில் வருபவர் பின்னாளில் பெரும் புகழ் பெற்ற சார்லஸ் லாட்டன்.) கிளப் முதலாளி விசாரிக்கக் கீழே இறங்குகிறார். சாப்பாட்டுக்கூடம், அதற்குப் பின்னால் சமையலறை, அதற்கும் பின்னால் பாத்திரம் கழுவும் இடம். ஒவ்வொரு படி இறங்கும்போதும் இடம் அழுக்காகிக்கொண்டே வருகிறது. கடைசிக் கதவைத் திறந்தால், பாத்திரம் கழுவும் பெண்கள் எல்லோரும் வேலையை விட்டுவிட்டு அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மேசை மேல் ஷோஷோ என்ற சீனப் பெண் ஆடிக்கொண்டிருக்கிறாள். கிழிந்த காலுறை, பழைய ஸ்வெட்டர். ஆட்டம் என்றால் குதிப்பு எதுவும் இல்லை. இடுப்பும் கைகளும் தண்ணீரில் அசைவதைப் போல மெல்ல அசைகின்றன. கண் பாதி மூடியிருக்கிறது. யாருக்காகவும் ஆடவில்லை. முதலாளி வந்து நிற்பதைக் கவனித்தும் அவசரப்பட்டு இறங்குவதில்லை. மேலே விளக்கு வெளிச்சத்தில் கில்டா கிரே இவ்வளவு நேரம் ஆடியதெல்லாம் அந்த இடத்தில் மறந்துபோகிறது.

ஷோஷோவுக்கு அங்கேயே வேலை போகிறது. பிறகு முதலாளியே கூப்பிட்டு மேடையில் ஆடச் சொல்கிறார். உடை இன்ன கடையில்தான் வாங்க வேண்டும், இசைக்கு என் நண்பன்தான் வர வேண்டும் என்று இவள் நிபந்தனை போடுகிறாள். அந்தப் பேரத்தின்போது அன்னா மே உட்கார்ந்திருக்கும் தோரணையைப் பாருங்கள். நேற்றுவரை பாத்திரம் கழுவியவள், தன் விலை தனக்குத் தெரியும் என்று ஒரு பார்வையிலேயே சொல்லிவிடுகிறாள். இந்தப் படத்திலும் முத்தம் இல்லை, இந்தப் படத்திலும் கடைசியில் சாகிறாள். ஆனால் அதற்கு முன்னால் ஒரு முழு மனுஷி வாழ்ந்துவிட்டுப் போகிறாள்.

அமெரிக்கா திரும்பினார். பிராட்வேயில் 'ஆன் தி ஸ்பாட்' நாடகம் நன்றாக ஓடியது. 1931-ல் பாரமவுண்ட் எடுத்த 'டாட்டர் ஆஃப் தி டிராகன்' படத்தில் ஃபூ மாஞ்சு என்ற சீன வில்லனின் மகள். இதில் இவருக்குச் சம்பளம் 6,000 டாலர், உடன் நடித்த ஜப்பானிய நட்சத்திரம் செஸ்ஸு ஹயகாவாவுக்கு 10,000 டாலர், சீனராக வேஷம் கட்டிய வார்னர் ஓலண்டுக்கு 12,000 டாலர் என்று அவருடைய வாழ்க்கை வரலாற்று நூல்கள் சொல்கின்றன. ஓலண்ட் படத்தில் வருவது அரை மணி நேரத்துக்கும் குறைவு. படத்தைப் பற்றிச் சொல்ல வேறு எதுவும் இல்லை.

'ஷாங்காய் எக்ஸ்பிரஸ்' (1932) அப்படியல்ல. ஜோசப் வான் ஸ்டெர்ன்பெர்க் இயக்கம், மார்லின் டீட்ரிச் கதாநாயகி, ஒளிப்பதிவுக்காக லீ கார்ம்ஸுக்கு ஆஸ்கர். உள்நாட்டுச் சண்டை நடக்கும் சீனாவில் ஒரு ரயில். முதல் வகுப்புப் பெட்டியில் ஊர் பேசும்படி வாழ்கிற இரண்டு பெண்கள், டீட்ரிச்சும் ஹுய் ஃபெய் ஆக அன்னா மேயும். கௌரவமான விடுதி நடத்தும் ஓர் அம்மாள் தன் விடுதியின் கண்ணியத்தைப் பெருமையாகச் சொல்லி விசிட்டிங் கார்டு கொடுக்க வருகிறார். ஹுய் ஃபெய் சீட்டு விளையாடிக்கொண்டிருக்கிறாள். உங்கள் விடுதியில் எந்த அளவு கண்ணியம் கேட்பீர்கள் என்று எனக்குச் சரியாகத் தெரியவில்லையே என்கிற பாவனையில் ஒரே ஒரு பதில். குரல் உயரவில்லை. கார்டு திருப்பிக் கொடுக்கப்படுகிறது. டீட்ரிச்சுக்கு அந்தப் படத்தில் இறகு, வலை, நிழல் என்று எவ்வளவோ அலங்காரம். அன்னா மேக்கு அவ்வளவு இல்லை. இருந்தும் இரண்டு பேரும் ஒரே ஃபிரேமில் இருக்கும்போது என் கண் இவர் பக்கம்தான் போகிறது. படத்தில் தன்னைக் கெடுத்த கலகத் தலைவனைக் கத்தியால் முடித்து ரயிலில் இருக்கும் எல்லோரையும் காப்பாற்றுவதும் ஹுய் ஃபெய்தான். இந்த ஒரு முறை அவர் சாகவில்லை.

திரையில் சீனர்கள் ஏன் எப்போதும் வில்லன்களாகவும் கொலைகாரர்களாகவும் வருகிறார்கள் என்று 1933-ல் ஒரு பிரிட்டிஷ் சினிமாப் பத்திரிகையிடம் வெளிப்படையாகக் கேட்டார். அந்தக் காலத்தில் ஒரு நடிகை, அதுவும் ஸ்டுடியோக்களின் தயவில் பிழைக்க வேண்டியவர், இப்படிப் பேசியது சாதாரணக் காரியமில்லை.

இப்போது குட் எர்த். பெர்ல் பக் எழுதிய நாவல் 1931-ல் வந்து புலிட்சர் பரிசு பெற்றது. எம்ஜிஎம் உரிமையை வாங்கியது. கதாநாயகன் வாங் லுங் வேடத்துக்கு பால் முனியைப் போட்டார்கள். கதாநாயகன் வெள்ளையர் என்று ஆன அந்த நிமிடமே கதாநாயகி சீனராக இருக்க முடியாது என்றாகிவிட்டது. அன்னா மேயைக் கூப்பிட்டு ஸ்கிரீன் டெஸ்ட் எடுத்தது வாங் லுங்கின் வீட்டைக் கெடுக்கும் இரண்டாம் மனைவி லோட்டஸ் வேடத்துக்கு. ஓ-லான் வேடம் என்றால் மகிழ்ச்சியாக டெஸ்ட் தருகிறேன், சீன ரத்தம் ஓடும் என்னை மட்டும் இந்தப் படத்திலேயே வெறுக்கத்தக்க அந்த ஒரு வேடத்துக்குக் கேட்காதீர்கள் என்ற பொருளில் சொல்லி ஒதுங்கிவிட்டார். அதே படத்தில் அவருடைய தங்கை மேரிக்கு ஒரு சின்ன வேடம் கிடைத்தது. இவர் ஏற்கெனவே நடித்த வேடங்களைப் பிடிக்காத சீன அரசுத் தரப்பும் இவருக்கு ஆதரவாக இல்லை.

1936 ஜனவரியில் சீனாவுக்குக் கப்பல் ஏறினார். முதல் முறையாக. நியூயார்க் ஹெரால்ட் ட்ரிப்யூன் பத்திரிகைக்குப் பயணக் கட்டுரைகள் எழுத ஏற்பாடு. கூடவே ஒளிப்பதிவாளரை வைத்துப் பயணத்தைப் படமும் பிடித்தார். அங்கே வரவேற்பும் இருந்தது, திட்டும் இருந்தது. நான்ஜிங்கில் ஒரு விருந்துக்கு அழைத்து, அவருடைய படங்கள் சீனாவுக்கு அவமானம் என்று மணிக்கணக்கில் பேசினார்கள். அந்த வேடங்களைத் தேர்ந்தெடுக்கும் உரிமை தனக்கு இல்லை என்று பதில் சொல்ல வேண்டியிருந்தது. வீட்டில் பேசியது தைஷான் வட்டார மொழி என்பதால் வடக்கே போனபோது மொழிபெயர்ப்பாளர் தேவைப்பட்டார். பெய்ஜிங் இசை நாடகத்தின் மாமேதை மெய் லான்ஃபாங்கைச் சந்தித்தார். அப்பா அதற்குள் சொந்த ஊருக்கே திரும்பிவிட்டிருந்தார், அங்கேயும் போனார். அமெரிக்காவில் சீனப் பெண், சீனாவில் அமெரிக்கப் பெண். எந்தப் பக்கமும் முழுதாக உள்ளே விடவில்லை. இந்தப் பயணத்தில் நொறுங்கிப்போயிருக்க வேண்டியவர். ஆனால் திரும்பி வந்ததும் அவர் செய்த வேலையைப் பாருங்கள்.

1937 கடைசியில் வந்த 'டாட்டர் ஆஃப் ஷாங்காய்'. பாரமவுண்டின் சின்ன பட்ஜெட் படம், ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. ராபர்ட் ஃப்ளோரே இயக்கம். சான் ஃபிரான்சிஸ்கோவில் கலைப்பொருள் கடை வைத்திருக்கும் ஒரு சீன வியாபாரியை, கள்ளத்தனமாக ஆட்களைக் கடத்தும் கும்பல் கொல்கிறது. மகள் லான் யிங் கும்பல் தலைவனைத் தேடித் தனியாகக் கிளம்புகிறாள். துப்பறியும் அரசு அதிகாரி வேடத்தில் ஃபிலிப் ஆன். கொரிய விடுதலைப் போராட்டத் தலைவர் ஆன் சாங்-ஹோவின் மகன். ஆசிய நாயகி, ஆசிய நாயகன், இருவருமே நல்லவர்கள், இருவருமே தப்பிப் பிழைக்கிறார்கள், கடைசியில் கல்யாணமும் பேசிக்கொள்கிறார்கள். வில்லத்தனம் எல்லாம் சமூகத்தில் பெரிய மனுஷியாக உலவும் ஒரு வெள்ளைக்கார அம்மாளின் தலையில். குட் எர்த் வந்த அதே வருடம்! இதுவரை நடித்ததிலேயே இந்த வேடம்தான் தனக்குப் பிடித்தது என்று அன்னா மே சொன்னார். 2006-ல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் படத்தைச் சேர்த்தார்கள். குட் எர்த்தைப் பற்றி ஆயிரம் பேர் எழுதுகிறார்கள், இதைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை என்பதுதான் என் ஆதங்கம்.

1939-ல் 'கிங் ஆஃப் சைனாடவுன்' படத்தில் அறுவைசிகிச்சை டாக்டராக வந்தார். வில்லி வேடங்களிலிருந்து டாக்டர் வரை வர இருபது வருடம் பிடித்தது. ஜப்பான் சீனாவுக்குள் புகுந்திருந்த காலம் அது. தன் உடைகளை ஏலம் விட்டு நிவாரண நிதிக்குக் கொடுத்தார். 1942-ல் நடித்த 'பாம்ப்ஸ் ஓவர் பர்மா', 'லேடி ஃப்ரம் சுங்கிங்' இரண்டு படங்களின் சம்பளத்தையும் சீன நிவாரணத்துக்கே தந்தார். மறுவருடம் சீனத் தலைவர் சியாங் கை-ஷேக்கின் மனைவி ஹாலிவுட்டுக்கு வந்தபோது நட்சத்திரங்கள் எல்லோரையும் கூட்டி வரவேற்பு நடத்தினார்கள். அதற்கு அன்னா மே வோங்குக்கு அழைப்பு இல்லை.

பிறகு படங்கள் குறைந்தன. குடிப்பழக்கமும் கல்லீரல் நோயும் சேர்ந்துகொண்டன. சான்டா மோனிகா வீட்டைப் பகுதி பிரித்து வாடகைக்கு விட்டு, தோட்ட வேலை பார்த்துக்கொண்டு தம்பியுடன் இருந்தார். அவர் கல்யாணம் செய்துகொள்ளவே இல்லை.

ஆனால் 1951-ல் ஒரு காரியம் நடந்தது. டுமாண்ட் தொலைக்காட்சி நிறுவனம் 'தி கேலரி ஆஃப் மேடம் லியு சோங்' என்ற தொடரை ஒளிபரப்பியது. கலைக்கூடம் நடத்திக்கொண்டே குற்றங்களைத் துப்பறியும் பெண்மணி. அந்தப் பாத்திரத்தின் பெயர் இவர் பிறந்தபோது வைத்த பெயரேதான். ஆசிய அமெரிக்கர் ஒருவர் முதன்மைப் பாத்திரமாக நடித்த முதல் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர் இது. ஆகஸ்ட் கடைசியில் தொடங்கி நவம்பரில் முடிந்துவிட்டது. நாற்பத்தாறு வயது, யாருக்கும் அடிமை இல்லை, யாருக்கும் சதி செய்யவில்லை, மூளையை வைத்துப் பிழைக்கும் பாத்திரம். அவர் திரை வாழ்க்கை முழுவதும் கேட்டுக்கொண்டிருந்தது இதைத்தானே!

அதை நம்மால் பார்க்க முடியாது. ஒரு எபிசோடு கூட மிஞ்சவில்லை. டுமாண்ட் 1950-களிலேயே மூடப்பட்டது. அதன் நிகழ்ச்சிப் பதிவுகள் ஒரு கிடங்கில் கிடந்தன. 1970-களில் அவற்றை லாரிகளில் ஏற்றிக்கொண்டுபோய் நியூயார்க் துறைமுகத்துக் கடலில் கொட்டிவிட்டார்கள் என்று நடிகை ஈடி ஆடம்ஸ் 1996-ல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் நடத்திய விசாரணையில் சாட்சி சொன்னார். பாதுகாக்க இடச் செலவாகிறது என்பதற்காக. வேடம் தராத கதையை விட எனக்கு இது அதிகமாக வலிக்கிறது. அது மறுக்கப்பட்ட வேலை. இது அவர் செய்து முடித்துக் கொடுத்த வேலை.

1956-ல் வில்லியம் வைலர் தொலைக்காட்சிக்காக இயக்கிய 'தி லெட்டர்' நாடகத்தில் நடித்தார். 1936 பயணத்தின்போது எடுத்த சீனப் படச்சுருள்கள் 1957-ல் ஏபிசி தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயின. 1960-ல் 'போர்ட்ரெய்ட் இன் பிளாக்' படத்தில் லானா டர்னர் வீட்டுப் பணிப்பெண்ணாக வந்து போனார். அதே வருடம் ஹாலிவுட் நடைபாதையில் அவர் பெயருக்கு நட்சத்திரம் பதித்தார்கள். அடுத்து, பெரும்பாலும் ஆசிய நடிகர்களை வைத்து எடுக்கத் திட்டமிட்ட 'ஃப்ளவர் டிரம் சாங்' படத்தில் நல்ல வேடம் ஒன்று பேசி முடித்திருந்தார். 1961 பிப்ரவரி 3-ம் தேதி தூக்கத்திலேயே மாரடைப்பு வந்து இறந்துபோனார். வயது 56.

2022-ல் அமெரிக்க அரசு அவர் உருவத்தைக் கால் டாலர் நாணயத்தில் பொறித்தது. அமெரிக்க நாணயத்தில் இடம்பெற்ற முதல் ஆசிய அமெரிக்கர். மகிழ்ச்சியான விஷயம். அதையொட்டி வந்த கட்டுரைகளிலும் குட் எர்த் கதையே பிரதானமாக இருந்ததைப் பார்த்த பிறகுதான் இந்தப் பதிவை எழுதியே ஆக வேண்டும் என்று தோன்றியது.

உங்களிடம் கேட்டுக்கொள்வது ஒன்றுதான். 'தி டோல் ஆஃப் தி ஸீ' காப்புரிமை முடிந்த படம், இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது, ஒரு மணி நேரம்கூட இல்லை. அதில் ஆரம்பியுங்கள். பிரிட்டிஷ் திரைப்பட நிறுவனம் சீர்செய்து வெளியிட்ட 'பிக்காடிலி'யை அடுத்து பாருங்கள், அதில் பாத்திரம் கழுவும் அறைக் காட்சியை இரண்டு முறை பாருங்கள். பிறகு 'ஷாங்காய் எக்ஸ்பிரஸ்', கடைசியாக 'டாட்டர் ஆஃப் ஷாங்காய்'. இந்த நாலையும் பார்த்துவிட்டு, அவரைப் பற்றி யாரிடமாவது பேசும்போது அவர் நடித்த ஒரு காட்சியைச் சொல்லிப் பேச்சை ஆரம்பியுங்கள்.